வசனமே இல்லாமல் ஒரு பிரிவைக் கண்ணாடியில் வரைந்து படமாக்க: முதல்முறை செய்பவர்களுக்கு

ஏழு வருடம் ஒரே வீட்டில் இருந்துவிட்டு நாங்கள் இருவரும் பிரிந்தோம். அதை யாரிடமும் சொல்லத் தெரியவில்லை. எழுதிப் பார்த்தால் ஒவ்வொரு வரியும் யாரையாவது குற்றம் சொல்வதில் போய் நின்றது. கடைசியில் சென்னை தண்டையார்பேட்டை வீட்டு மொட்டைமாடியில், ஷீட் போட்ட சின்ன அறையில், கண்ணாடிமேல் ஆயில் பெயின்ட்டால் வரைந்து ஒரு வார்த்தைகூட இல்லாத 2 நிமிடம் 40 நொடி அனிமேஷன் படமாக எடுத்தேன். ஏழு மாதமும் 45,500 ரூபாயும் ஆனது. அதில் இரண்டு மாதம் விஷயம் தெரியாததால் மட்டுமே வீணானது. அந்த இரண்டு மாதம் உங்களுக்கு மிச்சமாகட்டும் என்றுதான் இதை எழுதுகிறேன்.

முறை எளிது. கீழே விளக்கு, அதன்மேல் கண்ணாடி, மேலே கீழ்நோக்கிய கேமரா. வரைந்து ஒரு ஃபோட்டோ எடுக்கிறோம், ஈரமான பெயின்ட்டை விரலால் கொஞ்சம் நகர்த்தி இன்னொரு ஃபோட்டோ. அடுத்த படம் பிறக்க முந்தைய படம் அழிந்தாக வேண்டும். வேலை முடிந்ததும் கையில் ஒரு ஓவியம்கூட மிஞ்சாது, ஃபோட்டோக்கள் மட்டும்தான். பிரிவைச் சொல்ல இதைவிடப் பொருத்தமான முறை எனக்குத் தெரியவில்லை.

1. சண்டையை விடுங்கள், ஒரு பொருளைப் பிடியுங்கள்

எல்லோரும் முதலில் வரைவது கிழிந்த ஃபோட்டோ, உடைந்த இதயம், கண்ணீர் வழியும் முகம். நானும் மூன்று வாரம் அதைத்தான் வரைந்தேன். வசனம் இல்லாத படத்தில் முகத்தை நம்பினால் நடிப்பு முழுவதையும் நீங்களே வரைந்தாக வேண்டும், முதல் படத்தில் அது யாருக்கும் முடியாது. அதற்குப் பதிலாக, உங்கள் இருவருக்கும் நடுவில் தினமும் கைமாறிய பொருள் எது என்று யோசியுங்கள்.

எங்களுக்கு அது தண்ணீர்க் குடம். கீழே தெருவில் அடிபம்பு, வீடு இரண்டாவது மாடி, ஒரு ஆள் மட்டும் போகிற அளவுக்குக் குறுகலான படிக்கட்டு. ஒருவர் கீழிருந்து தூக்கி வர, வளைவில் இன்னொருவர் வாங்கிக்கொள்வார். முதலில் குடம் கையிலிருந்து கைக்குப் போகும். பிறகு ஒருவர் படியில் வைத்துவிட்டுத் திரும்பிவிடுவார், மற்றவர் அப்புறம் வந்து எடுப்பார். கடைசியில் வைத்த குடத்தை எடுக்க யாரும் வருவதில்லை. படம் மொத்தமும் இந்த மூன்று நிலைதான். முகமே காட்டவில்லை, நான்கு கைகளும் ஒரு படிக்கட்டும் போதுமாக இருந்தது.

உங்களுடையது டிபன் பாக்ஸாக இருக்கலாம், வீட்டுச் சாவியாக இருக்கலாம். சோதனை ஒன்றுதான்: அந்தப் பொருள் இருவர் கையிலும் மாறி மாறி இருந்திருக்க வேண்டும்.

2. அனிமேடிக் செய்து, கதை தெரியாதவரிடம் காட்டுங்கள்

காகிதத்தில் பென்சிலால் முப்பது நாற்பது கட்டம் வரையுங்கள். மொபைலில் படமெடுத்து, எந்தக் கட்டம் எத்தனை நொடி என்று வரிசையாக அடுக்கி ஒரு வீடியோ ஆக்குங்கள். இதைத்தான் அனிமேடிக் என்கிறோம். டாவின்சி ரிசால்வ் என்ற எடிட்டிங் மென்பொருள் இலவசமாகவே கிடைக்கிறது, இதற்கு அது தாராளம்.

இதைக் காட்டும்போது எதையும் விளக்காதீர்கள், "பிடிச்சிருக்கா" என்றும் கேட்காதீர்கள். "என்ன நடக்குது" என்று மட்டும் கேளுங்கள். பக்கத்து வீட்டு அக்காவிடம் முதல்முறை காட்டியபோது, "தண்ணிக் கஷ்டத்தைப் பத்தி எடுக்கிறியாப்பா?" என்றார். அவர் சொன்னது சரிதான். அடிபம்பை எட்டு நொடி காட்டியிருந்தேன், எங்கள் பக்கத்தில் அடிபம்பைக் காட்டினால் யாருக்கும் அதுதான் தோன்றும். பம்பை எடுத்துவிட்டு, குடம் மாறும்போது விரல்கள் ஒன்றன்மேல் ஒன்று ஒரு கணம் நிற்பதைச் சேர்த்தேன். இரண்டாம்முறை பார்த்து முடித்ததும் அக்கா கொஞ்சநேரம் ஒன்றும் பேசவில்லை. பிறகு, "அது போயிடுச்சா?" என்றார். அன்றைக்குத்தான் கண்ணாடி வாங்கக் கிளம்பினேன்.

இந்தக் கட்டத்துக்கு ஐந்து வாரம் ஒதுக்குங்கள். காகிதத்தில் ஒரு காட்சியைத் தூக்கிப்போட ஒரு நிமிடம் போதும், கண்ணாடிக்குப் போன பிறகு அதே காட்சி பத்து நாள் உழைப்பு.

3. நாள் கணக்குப் போடுங்கள்

சினிமா நொடிக்கு 24 ஃபிரேம், அதாவது 24 தனித்தனிக் கட்டம். ஒவ்வொரு படத்தையும் மூன்று ஃபிரேம் நிறுத்தினால் நொடிக்கு 8 படம். 160 நொடிக்கு 1,280 படம். அசையாமல் நிற்கும் இடங்களைக் கழித்ததில் எனக்கு 1,100 வந்தது. இரண்டு ஃபிரேம் நிறுத்தி நொடிக்கு 12 படம் என்று போனால் அசைவு வழவழப்பாக இருக்கும், ஆனால் வேலை ஒன்றரை மடங்கு. பெயின்ட்டில் மூன்றே நன்றாக இருக்கிறது, லேசான நடுக்கம் கதைக்கு உதவுகிறது.

வேலைக்குப் போய்க்கொண்டே செய்பவர் என்றால் மாலை 7 முதல் 11 வரை உட்கார்ந்தால் 12 முதல் 15 படம், அதற்குமேல் கை ஓடாது. எனக்கு ஷூட்டிங் மட்டும் 14 வாரம்.

எந்த மாதம் என்பது முக்கியம். ஏப்ரல், மே மாதங்களில் ஷீட் அறையில் விளக்கின் சூடும் சேர்ந்துகொள்ள பெயின்ட் தானாகவே வழிகிறது. அக்டோபர், நவம்பரில் மழை, ஈரம், தெருவில் தண்ணீர். லென்ஸில் பூஞ்சை பிடிக்கும், சிலிக்கா ஜெல் போட்ட டப்பாவில் வைக்காமல் விடாதீர்கள். டிசம்பரில் தொடங்கி மார்ச் நடுவில் முடிப்பதுபோல் திட்டமிடுங்கள்.

4. மேசையும் கண்ணாடியும்

கண்ணாடி, சட்டம், பால் வெள்ளை அக்ரிலிக் ஷீட் எல்லாம் பாரிமுனைப் பக்கம் ஒரே நடையில் முடிந்துவிடும், தேவராஜ முதலித் தெருவில் ஆரம்பியுங்கள். எல்இடி பட்டை, அதற்கு மின்சாரம் தரும் 12 வோல்ட் எஸ்எம்பிஎஸ் (பவர் சப்ளை) இரண்டுக்கும் ரிச்சி தெரு. அளவை எழுதி எடுத்துக்கொண்டு போங்கள். டஃபன்டு (உறுதியாக்கிய) கண்ணாடி வாங்கினால் அதை அப்புறம் வெட்டவே முடியாது, அரை இன்ச் பெரிதாக இருந்தாலும் காசு போனது போனதுதான். சாதாரண 5 மில்லிமீட்டர் கண்ணாடியே போதும். ஓரத்தைப் பாலிஷ் போட்டுக் கொடுக்கச் சொல்லுங்கள், இரவு 11 மணிக்குத் தூக்கக் கண்ணோடு கை வைக்கப் போகிறீர்கள்.

வரிசை இப்படி: அடியில் எல்இடி, அதன்மேல் ஒளியைப் பரப்ப அக்ரிலிக் ஷீட், மூன்று நான்கு இன்ச் இடைவெளி விட்டு கண்ணாடி. இடைவெளி இருந்தால் ஷீட்டில் படியும் தூசி ஃபோகஸில் வராது.

இனி வடசென்னைக்காரர்களுக்கு மட்டும் ஒரு விஷயம். கன்டெய்னர் லாரி போகிற ரோட்டுப் பக்கம் வீடு என்றால் கட்டடமே லேசாக அதிரும். நான் கேமராவைச் சுவரில் அடித்த இரும்பு ஆங்கிளில் மாட்டியிருந்தேன், மேசை தரையில் தனியாக நின்றது. சுவர் ஒரு மாதிரி அதிர, மேசை வேறு மாதிரி அதிர, இரண்டு வாரம் எடுத்த படம் முழுவதும் ஆடியது. ட்ரைபாடை மாற்றிப் பிரயோஜனம் இல்லை. மேசைக் காலிலேயே ஸ்லாட்டட் ஆங்கிளை (துளையிட்ட இரும்புச் சட்டம்) போல்ட் போட்டு இறுக்கி, அதில் கேமராவை மாட்டுங்கள். அப்போது அதிர்ந்தால் இரண்டும் சேர்ந்து அதிரும், படத்தில் தெரியாது.

5. பெயின்ட்

கீழிருந்து வெளிச்சம் வரும்போது வெள்ளை பெயின்ட் வெள்ளையாகத் தெரியாது. ஒளியை மறைத்துச் சாம்பலாக, கறுப்பாகத் தெரியும். வெளிச்சம் வேண்டிய இடத்தில் பெயின்ட்டை மெல்லியதாகத் தேய்க்க வேண்டும், இருட்டு வேண்டிய இடத்தில் தடிமனாக வைக்க வேண்டும். இது புரிவதற்குள் ஒரு பெரிய ட்யூப் டைட்டானியம் வெள்ளை தீர்ந்துபோனது. ஒளி ஊடுருவும் நிறங்களாக வாங்குங்கள். அல்ட்ராமெரின் நீலம், பர்ன்ட் சியன்னா (செம்பழுப்பு), பர்ன்ட் அம்பர் (அடர்பழுப்பு) மூன்றையும் வைத்தே முக்கால் படம் முடிந்தது. மாணவர் தரம் போதும், ஓவியம்தான் நிலைக்கப் போவதில்லையே.

அம்பர் சீக்கிரம் காயும். இரவு நிறுத்திவிட்டு அடுத்த மாலை வந்தால் நீலம் ஈரமாக இருக்கும், பழுப்பு இழுக்கும். கிராம்பு எண்ணெய் ஒன்றிரண்டு துளி கலந்தால் காய்வது தள்ளிப்போகும், ராசப்ப செட்டி தெரு நாட்டு மருந்துக் கடைகளில் கேளுங்கள். குழந்தைகளுக்குத் தேய்க்கும் மினரல் எண்ணெய் காயவே காயாது, அதையும் சிலர் கலக்கிறார்கள். நீர்வண்ணத்தில் செய்ய ஆசை என்றால் கிளிசரின் கலக்க வேண்டும், அனிமேஷன் கலைஞர் கரோலின் லீஃப் கனடாவில் அப்படித்தான் செய்தார். வேலை முடிந்ததும் ஒரு அட்டைப்பெட்டியைக் கவிழ்த்து மூடிவிட்டுப் போங்கள், ஒரு முடி விழுந்தாலும் அடுத்த நாள் திரையில் அது கயிறு மாதிரி தெரியும்.

இரண்டு எச்சரிக்கை. விரலால் வேலை செய்வதால் கேட்மியம், கோபால்ட் கலந்த நிறங்களுக்குக் கையுறை போடுங்கள். இரண்டாவது இதைவிட முக்கியம்: ஆயில் பெயின்ட்டில் இருக்கும் லின்சீட் (ஆளிவிதை) எண்ணெய் துடைத்த துணியைச் சுருட்டி மூலையில் போட்டால் அது தானாகவே சூடாகித் தீப்பிடிக்கும். ஷீட் அறையில் கேட்கவே வேண்டாம். மூடியுள்ள தகர டின்னில் தண்ணீர் ஊற்றி அதில் போடுங்கள்.

6. கேமரா மினுக்கல்

படம் ஓடும்போது வெளிச்சம் துடித்தால் அது மினுக்கல். காரணம் நான்கு, நான்கையும் முதல் நாளே அடைத்துவிடுங்கள்.

கேமராவில் எல்லாமே மேனுவல்: ஃபோகஸ், ஐஎஸ்ஓ (ஒளியுணர்வு அளவு), ஷட்டர், ஒயிட் பேலன்ஸ் (நிறச் சமநிலை). லென்ஸில் ஸ்டெபிலைசர் இருந்தால் அணைத்துவிடுங்கள். அடுத்தது கரன்ட். மாலையில் தெரு முழுவதும் ஏசி ஓடும்போது வோல்டேஜ் இறங்கும், மலிவான எல்இடி அதோடு மங்கும். நல்ல எஸ்எம்பிஎஸ் போட்டு, ஷட்டரை அரை நொடிக்கு வைத்தால் பெரும்பாலும் சரியாகிவிடும். மூன்றாவது லென்ஸின் துவாரம். ஒவ்வொரு கிளிக்குக்கும் துளி வித்தியாசமாக மூடும், அதனால் வளையத்தைக் கையால் திருப்பி வைக்கிற பழைய மேனுவல் லென்ஸ் கிடைத்தால் அதை வாங்குங்கள். நான்காவது நீங்களே. வெள்ளைச் சட்டை கண்ணாடியில் பிரதிபலிக்கும். கறுப்புச் சட்டை போட்டு, ஜன்னலையும் கறுப்புத் துணியால் மூடுங்கள்.

கேமராவை வாடகைக்கு எடுக்கலாம் என்று நினைக்காதீர்கள், 14 வார வாடகையில் ஒரு பழைய டிஎஸ்எல்ஆரே வந்துவிடும். பேட்டரிக்குப் பதில் நேரடி மின் அடாப்டர் போடுங்கள், பேட்டரி மாற்றக் கை வைத்தாலே ஃபிரேம் நகர்ந்துவிடும். கணினியில் இணைத்து எடுக்க டிராகன்ஃபிரேம் நல்ல மென்பொருள், ஆனால் விலை டாலரில். பயிற்சிக்கு மொபைலில் ஸ்டாப் மோஷன் ஸ்டூடியோ என்ற ஆப் போதும். பராமரிப்பு மின்தடை என்றைக்கு என்று செய்தித்தாளில் பார்த்துக்கொள்ளுங்கள்.

அன்றைய ஃபிரேம்களை அன்று இரவே இரண்டு இடத்தில் நகலெடுங்கள். ஒரு வாரம் தள்ளிப்போட்டேன், லேப்டாப் திறக்கவில்லை, 96 ஃபிரேம் போனது. காகித அனிமேஷன் என்றால் மறுபடி ஃபோட்டோ எடுத்துக்கொள்ளலாம், இங்கே எடுக்க எதுவும் மிச்சம் இருக்காது.

7. துடைக்கும்போது நிதானம்

மற்றதையெல்லாம் மறந்தாலும் இதை மட்டும் நினைவில் வையுங்கள். ஒரு உருவத்தை நகர்த்தும்போது அது இருந்த இடத்தில் மெல்லிய கறை தங்கும். முதல் இரண்டு வாரம் அதை டர்பன்டைன் போட்டுச் சுத்தமாகத் துடைத்தேன். படம் தொலைக்காட்சி விளம்பரம்போல் பளிச்சென்று இருந்தது, மனதில் எதுவும் ஏறவில்லை. ஒரு இரவு களைப்பில் படியிலிருந்த குடத்தைத் துடைக்காமலே அடுத்த இடத்துக்கு நகர்த்திவிட்டேன். மறுநாள் ஓடவிட்டால், குடம் போன பிறகும் அது உட்கார்ந்திருந்த இடத்தில் நீல வளையம் ஒன்று அப்படியே இருந்தது, ஈரக் குடம் படியில் விடுகிற தடம் மாதிரியே. அடுத்த ஷாட்டில் வந்த கை அந்த வளையத்தின்மேல் ஊன்றியது, விரலில் நீலம் ஒட்டியது.

அதற்குப் பிறகு எதைத் துடைப்பது, எதை விடுவது என்பதுதான் என் கதை ஆனது. கைகள் சேர்ந்திருக்கும் முதல் பகுதியில் சுத்தமாகத் துடைத்தேன். இரண்டாம் பகுதியில் பாதி. மூன்றாம் பகுதியில் துடைக்கவே இல்லை, படிக்கட்டு முழுவதும் பழைய கைகளின், பழைய குடங்களின் தடம் மண்டிக் கிடக்கும், அதன் நடுவில் எடுக்க ஆளில்லாத குடம் ஒன்று.

துடைப்பதற்குப் பழைய பனியன் துணியும் காதுக்குச்சியும் போதும். டர்பன்டைனை மூடிய அறையில் திறக்காதீர்கள், சமையல் எண்ணெயே பெயின்ட்டை எடுத்துவிடும்.

8. ஒலி

வசனம் இல்லை என்றால் பின்னணியிலும் பேச்சு இருக்கக்கூடாது. கடற்கரை மின்சார ரயில் சத்தம் வேண்டுமென்று வண்ணாரப்பேட்டை ஸ்டேஷனில் பதிவு செய்தால் அறிவிப்பு வந்துவிடும். காசிமேடு மீன்பிடித் துறைமுகத்தில் விடியற்காலைப் படகு எஞ்சின் அருமையாகக் கிடைக்கும், ஆனால் பக்கத்திலேயே மீன் ஏலக் குரல். ஆடி மாதம் ரெகார்டிங் வைக்காதீர்கள், எந்தத் தெருவிலும் கோயில் ஸ்பீக்கர் ஓடும், தூரத்தில் ஒரு சினிமாப் பாட்டு கேட்டால்கூட நாளைக்கு உரிமைப் பிரச்சினை வரும். நான் எடுத்தது நான்கே சத்தம்: அடிபம்பு, குடம் நிரம்பும்போது ஏறுகிற சுருதி, படியில் செருப்பு, சிமென்ட்மேல் குடத்தை வைக்கும் ஒலி. பம்பைப் படத்திலிருந்து எடுத்துவிட்டாலும் அதன் சத்தம் தூரத்தில் கேட்கிறது. மிக்ஸிங்குக்கு மட்டும் ஆள் வைத்தேன், 6,000 ரூபாய்.

9. பத்திரங்கள்

முதலில் அந்த இன்னொருவர். பெயர், முகம், பச்சை குத்தியது, வீட்டு வாசல் என்று அடையாளம் தெரியும் எதையும் வரையாதீர்கள். முடிந்த படத்தை எங்கும் அனுப்பும் முன் அவருக்கு அனுப்புங்கள். சட்டப்படி தேவையோ இல்லையோ, அது அவருடைய வாழ்க்கையும்தான். நான் அனுப்பி எட்டு நாள் பதில் இல்லை. ஒன்பதாவது நாள், "குடம் பச்சை. நீ நீலமா போட்டிருக்க" என்று வந்தது. மாற்றித் தரட்டுமா என்று கேட்டேன். "வேணாம், இருக்கட்டும்" என்றார். பிறகு படத்தை வெளியிட ஆட்சேபணை இல்லை என்று ஒரு பக்கக் கடிதத்தில் கையெழுத்துப் போட்டுத் தந்தார். விவாகரத்து, ஜீவனாம்சம் என்று வழக்கு நடந்துகொண்டிருந்தால் உங்கள் வக்கீலைக் கேட்காமல் படத்தை யாருக்கும் காட்டாதீர்கள்.

இசை போட்டவர், கூட வரைந்தவர் யாராக இருந்தாலும் எழுத்தில் ஒப்பந்தம். ஐகோர்ட் பக்கம் பத்திரம் வாங்கினேன், 200 ரூபாய். இங்கே ஒரு பொறி இருக்கிறது. நமது காப்புரிமைச் (காப்பிரைட்) சட்டப்படி உரிமை மாற்றிக் கொடுக்கும் பத்திரத்தில் காலம் குறிப்பிடவில்லை என்றால் 5 வருடம் என்றும், இடம் குறிப்பிடவில்லை என்றால் இந்தியா மட்டும் என்றும் எடுத்துக்கொள்வார்கள். "காப்புரிமைக் காலம் முழுவதும், உலகம் முழுவதும்" என்ற வரி இருக்கிறதா என்று பார்த்துக் கையெழுத்து வாங்குங்கள்.

காப்புரிமை படம் எடுத்தவுடனே உங்களுடையது, பதிவு கட்டாயம் இல்லை. ஆனால் பதிவு செய்தால் நாளை வழக்கில் சான்றாக நிற்கும். ஆன்லைனில் விண்ணப்பிக்கலாம். திரைப்படத்துக்கு 5,000 ரூபாய், ஆட்சேபணைக்காக 30 நாள் காத்திருப்பு. காசு இல்லையென்றால் ஸ்டோரிபோர்டை மட்டும் ஓவியப் படைப்பாக 500 ரூபாயில் பதியலாம். தியேட்டரில் பொதுமக்களுக்குத் திரையிடுவதாக இருந்தால் தணிக்கைச் சான்றிதழ் வேண்டும்.

10. செலவு, அனுப்புவது

என் கணக்கு: பழைய கேமரா 16,000, மின் அடாப்டர் 1,800, ஹார்டு டிஸ்க் 4,500, கண்ணாடி 1,100, மேசையும் விளக்கும் 2,400, பெயின்ட் 3,600, எண்ணெய் வகை 500, மிக்ஸிங் 6,000, காப்புரிமை 5,000, பத்திரம் 200, விழா நுழைவுக் கட்டணம் 4,400. கேமரா ஏற்கனவே இருந்தால் 30 ஆயிரத்துக்குள் முடித்துவிடலாம்.

முடித்த சந்தோஷத்தில் யூடியூபில் ஏற்றிவிடாதீர்கள், ஏற்கனவே இணையத்தில் வந்த படத்தைச் சில விழாக்கள் எடுப்பதில்லை. கடவுச்சொல் போட்ட லிங்க் மட்டும் வைத்துக்கொள்ளுங்கள். மும்பை சர்வதேசத் திரைப்பட விழாவில் அனிமேஷனுக்கு இடம் உண்டு, அது இரண்டு வருடத்துக்கு ஒருமுறை. திருவனந்தபுரத்தில் கேரளாவின் ஆவண, குறும்பட விழா இருக்கிறது. பிரான்ஸில் ஆன்சி அனிமேஷன் விழா ஜூன் மாதம். மாதாமாதம் ஆன்லைனிலேயே நடந்து, ஜெயித்தபின் சான்றிதழுக்கும் கோப்பைக்கும் தனியாகக் காசு கேட்கும் விழாக்களும் நிறைய, அவற்றுக்கு ஒரு ரூபாய்கூடக் கட்டாதீர்கள்.

விண்ணப்பத்தில் வசனப் பட்டியல் கேட்பார்கள். காலியாக விடாமல் "வசனம் இல்லை" என்று எழுதி ஒரு பக்கம் இணையுங்கள். படம் முடிந்த தேதியை எல்லா இடத்திலும் ஒரே மாதிரி போடுங்கள். கட்டணம் டாலரில் போவதால் உங்கள் கார்டில் வெளிநாட்டுப் பரிவர்த்தனை திறந்திருக்க வேண்டும், வங்கி ஆப்பில் நீங்களே திறக்கலாம். இதைக் கடைசி நாள் இரவு கண்டுபிடிக்காதீர்கள், இரண்டு நாள் முன்பே ஒருமுறை கட்டிப் பாருங்கள்.